செக்கைச் சுற்றும் ஒட்டகம்
இப்ராஹிம் ஷதாத்தின் சினிமா

(மாணவர் திரையிடல் ஒன்றில், ‘மரங்களைப் பற்றிப் பேசுதல்’ ஆவணப்படம் முடிந்து அடுத்த குறும்படம் தொடங்கும் முன் பேசியது. பதிவிலிருந்து எழுதும்போது பேச்சு நடையை அதிகம் மாற்றவில்லை.)



இப்போது பார்த்த படத்தின் ஆரம்பத்தை ஒருமுறை நினைத்துப் பாருங்கள். கரண்ட் போய்விட்டது. நாலு வயசாளிகள் இருட்டில் உட்கார்ந்திருக்கிறார்கள். நாலு பேரும் சினிமா இயக்குநர்கள். கரண்ட் வருகிற வரைக்கும் என்ன செய்வது? ‘சன்செட் பூல்வார்ட்’ என்று 1950இல் வந்த ஒரு ஹாலிவுட் படத்தின் கடைசிக் காட்சியை நடிக்கிறார்கள். ஒருவர் துணியைத் தலையில் சுற்றிக்கொண்டு, ஓய்ந்துபோன அந்த நட்சத்திர நடிகையாகவே மாறிவிடுகிறார். இன்னொருவர் வெறும் கைகளையே கேமராவாகப் பிடிக்கிறார். விளக்கு இல்லை, பிலிம் இல்லை, கேமராவும் இல்லை. ஆனால் படப்பிடிப்பு நடக்கிறது. நாம் எல்லோரும் சிரித்தோம்.

அந்தத் துணி சுற்றியவர்தான் இப்ராஹிம் ஷதாத். அவரைப் பற்றிச் சில நிமிஷம் பேசச் சொல்லியிருக்கிறார்கள். நான் சினிமா படித்தவன் இல்லை. பேங்கில் கிளார்க். கவிதை எழுதுகிறேன். இரண்டுக்கும் சினிமாவுக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்டால், ஷதாத் விஷயத்தில் கொஞ்சம் சம்பந்தம் இருக்கிறது. அதைக் கடைசியில் சொல்கிறேன்.

ஒரு இயக்குநரின் வாழ்க்கையைச் சொல்வதென்றால் வழக்கமாக என்ன செய்வோம்? முதல் படம், இரண்டாம் படம், விருது, அடுத்த படம் என்று அடுக்குவோம். ஷதாத் விஷயத்தில் அப்படி அடுக்கினால் அஞ்சு நிமிஷத்தில் முடிந்துவிடும். அவர் எழுதினார், நாடகங்கள் போட்டார், படங்கள் தொடங்கினார். ஏறக்குறைய எல்லாமே ஒன்று பணம் போட்டவர்களால் பாதியில் நிறுத்தப்பட்டன, இல்லையென்றால் அரசால் தடுக்கப்பட்டன. தப்பிப் பிழைத்து நம் கைக்கு வந்திருப்பவை சில குறும்படங்கள்தான். அதனால் இவர் எடுத்த படங்களை மட்டும் வைத்துக்கொண்டு இவர் வரலாற்றைச் சொல்ல முடியாது. எடுக்க விடாமல் போனதும் அந்த வரலாற்றில்தான் சேர்த்தி. நம் எழுத்துக்கும் இது பொருந்தும் என்று நினைக்கிறேன். எழுதாமல் போன தாத்தாக்கள், பாட்டிகளின் கணக்கைச் சேர்க்காமல் இலக்கிய வரலாறு எழுதுகிறவர்களை நமக்குத் தெரியும்.

சூடான் பற்றிக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன், இல்லையென்றால் மற்றது புரியாது. 1820-21இல் எகிப்தை ஆண்ட முகமது அலி தன் படையை நைல் நதி வழியாகத் தெற்கே அனுப்பினான். எதற்கு? தங்கத்துக்கு. இன்னொன்று, ஆட்களுக்கு. ஆட்கள் என்றால் அடிமைகள். தன் சேனைக்குச் சிப்பாய்களாக்கவும் விற்கவும் கறுப்பு மனிதர்கள் வேண்டியிருந்தார்கள். அந்த ஆட்சியில் வளர்ந்த கார்ட்டூம் நகரம் அடிமை வியாபாரத்தில் கொழுத்தது. பிறகு மாஹ்தியின் ஆட்சி, 1898இல் பிரிட்டிஷ்காரர்கள், 1956 ஜனவரி 1இல் சுதந்திரம். அடிமை வியாபாரம் போனது. ‘அப்து’ என்ற சொல் போகவில்லை. அரபியில் அடிமை என்று பொருள். வடக்கில் அரபு பேசுகிற, தன்னை அரபு வம்சம் என்று சொல்லிக்கொள்கிற ஆள், தெற்கிலிருந்தும் நூபா மலைகளிலிருந்தும் வந்தவனைச் சர்வசாதாரணமாக அப்படிக் கூப்பிட்டான். இருவருமே கறுப்பர்கள். வெளியிலிருந்து பார்க்கிற நமக்கு வித்தியாசம்கூடத் தெரியாது. கூப்பிடுகிறவனுக்குத் தெரிகிறது, கூப்பிடப்படுகிறவனுக்கும் தெரிகிறது. இதை இந்த அரங்கில் இருப்பவர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை.

சினிமாவுக்கு வருவோம். ஷதாத்துக்கு முந்தின தலைமுறையில் கதல்லா குபாரா என்று ஒருவர். பிரிட்டிஷ் படையில் சிக்னல் பிரிவில் வேலை பார்த்தவர். பிறகு காலனி அரசின் திரைப்படப் பிரிவில் கேமரா பிடித்தவர். 1956இல் சுதந்திரக் கொடி ஏறியதைப் படம் பிடித்தவர் அவர்தான். பின்னாளில் சொந்தமாக ஸ்டுடியோ வைத்தார், அதை அரசு பிடுங்கிக்கொண்டது. கண்பார்வையும் போனது. எண்பது வயசுக்கு மேல், பார்வை இல்லாமல், மகள் துணையோடு விக்டர் ஹியூகோவின் ‘ஏழைபடும் பாடு’ நாவலைச் சூடான் படமாக எடுத்தார். 2008இல் இறந்தார். இவரைப் பற்றித் தனியாக ஒரு நாள் பேச வேண்டும்.

குபாரா சூடானின் முதல் கேமராக்காரர் என்றால், ஷதாத்தின் தலைமுறைதான் வெளிநாட்டுப் பள்ளிகளுக்குப் போய் சினிமாவை ஒரு மொழியாகப் படித்துத் திரும்பியது. பனிப்போர்க் காலம். சோஷலிச நாடுகள் ஆப்பிரிக்க மாணவர்களை வரவேற்றன. சுலைமான் மாஸ்கோவுக்குப் போனார். படத்தில் பார்த்தீர்களே, தன் பழைய படம் கிடைக்குமா என்று ரஷ்யன் மொழியில் மாஸ்கோவுக்குப் போன் போட்டுக் கேட்கிறவர், அவர்தான். அல்தயிப் மஹ்தி கெய்ரோவில் படித்தார். ஷதாத் போனது கிழக்கு ஜெர்மனி, பாபல்ஸ்பெர்க் திரைப்படப் பள்ளி.

அங்கே படிப்பு முடிக்க அவர் எடுத்த படம் ‘வேட்டை’. வருஷம் 1964. நாற்பது நிமிஷத்துக்குக் கொஞ்சம் அதிகம். ஒரு கறுப்பு மனிதனை வெள்ளை மனிதர்கள் துரத்தி வேட்டையாடுகிறார்கள். எடுத்த விதம் கௌபாய் பட பாணி. எடுத்த இடம் பெர்லினைச் சுற்றியுள்ள பிராண்டன்பர்க் மாநிலத்துக் காடு. அமெரிக்காவை ஒரு ஜெர்மன் காடு நடித்துக் காட்டுகிறது. சோஷலிச நாட்டு அரசுகளுக்கு இந்த விஷயம் பிடித்த விஷயம்தான், நிறவெறி என்றால் அமெரிக்கா என்று கைகாட்டிவிடலாம். ஆனால் ஒரு கறுப்பு மாணவன் அந்த மண்ணில் நின்று மனித வேட்டையைப் படமெடுக்கிறான், அதே மண்ணில் ஹிட்லரின் மனித வேட்டை முடிந்து இருபது வருஷம்கூட ஆகவில்லை. மரங்களுக்குத் தெரியும். படம் பார்த்த ஜெர்மன்காரர்களுக்கும் தெரியாமல் இருந்திருக்காது. வர்க்கம் ஒழிந்தால் மற்றதெல்லாம் தானாகப் போய்விடும் என்று நம்மிடமும் சொல்லப்பட்டது. அப்படிச் சொன்ன நாட்டில் உட்கார்ந்துகொண்டு தோலின் நிறத்தைப் பற்றி எடுத்த படம் இது. அதனால்தான் எனக்கு இது முக்கியம்.

சூடானுக்குத் திரும்பினார். 1969இல் நுமைரி என்ற ராணுவ அதிகாரி ஆட்சியைப் பிடித்திருந்தான். சினிமாவுக்கு அரசு நிறுவனம் வந்தது. சம்பளம் கிடைத்தது, படம் எடுக்கக் கிடைக்கவில்லை. செய்திப்படம், கொடி, தலைவர் வருகை, இவைதான் வேண்டும். இந்த நெருக்கடிக்குள்தான் ஷதாத்தும் நண்பர்களும் சின்னச் சின்னப் படங்களைச் செய்தார்கள், ‘சினிமா’ என்று ஒரு பத்திரிகை நடத்தினார்கள். நாமும் பத்திரிகை நடத்துகிறவர்கள், அச்சகத்துக்குப் பாக்கி வைப்பது என்றால் என்ன என்று நமக்குத் தெரியும். 1989 ஏப்ரலில் ‘சூடான் திரைப்படக் குழு’ என்று, அரசைச் சாராத ஒரு அமைப்பைப் பதிவு செய்தார்கள். ஏப்ரல், மே, ஜூன். ஜூன் 30ஆம் தேதி உமர் அல் பஷீரின் ராணுவப் புரட்சி. அவ்வளவுதான். மதத்தின் பேரால் ஆட்சி. குழு முடக்கப்பட்டது. அரங்குகள் ஒவ்வொன்றாக மூடின. கலைஞர்கள் நாட்டை விட்டுப் போனார்கள், ஷதாத்தும் போனார். குழு மறுபடி பதிவாக 2005 ஆயிற்று. பதினாறு வருஷம். ஒரு கலைஞனுக்குக் கை நன்றாக ஓடுகிற வயசு முழுக்க அதில் போய்விடும்.

1994இல் அவர் செய்த ‘மனிதன்’ என்ற குறும்படத்தைச் சொல்ல வேண்டும். ஒரு ஆட்டிடையன். மனைவி, ஊர், மந்தை எல்லாவற்றையும் விட்டுவிட்டு அந்நிய நகரத்துக்கு வருகிறான். வசனம் கிடையாது. சத்தம்தான் கதை சொல்கிறது. ஊரை விட்டு ஓடிவந்தவனுக்கு நகரம் முதலில் சத்தமாகத்தான் வரும், பாஷையாக வராது. சென்னைக்கு முதல்முறை வேலைக்கு வந்தபோது எனக்கும் அப்படித்தான் இருந்தது.

இனி, நாம் இப்போது பார்த்த படம். இதை எடுத்தவர் சுஹைப் கஸ்மல்பாரி என்ற இளைஞர். 2019இல் பெர்லின் விழாவில் ஆவணப்பட விருதும் பார்வையாளர் விருதும் வாங்கியது. கதை என்று பார்த்தால் ரொம்பச் சின்னது. வயசான நாலு பேர், ஓம்துர்மானில் மூடிக்கிடக்கிற ஒரு திறந்தவெளி அரங்கில் ஒரே ஒரு நாள், ஒரே ஒரு படம் போட ஆசைப்படுகிறார்கள். அரங்கின் பேர் ‘புரட்சி’. அதைக் கூட்டிப் பெருக்குகிறார்கள், திரையைச் சரி செய்கிறார்கள். சுற்றியுள்ள மசூதிகளின் ஒலிபெருக்கிகளை எண்ணுகிறார்கள், எந்த நேரத்தில் படம் ஓடினால் பாங்கு ஓசையோடு மோதாது என்று கணக்குப் போடுகிறார்கள். தொழுகையைக் கேலி செய்யவில்லை, கவனிக்க வேண்டும். தொழுகிறவர்களும் அவர்களுடைய பார்வையாளர்கள்தானே. நடுவில் ஒரு கிராமத்துக்கு வேனில் போய் சாப்ளினின் ‘மாடர்ன் டைம்ஸ்’ போடுகிறார்கள். மணல் காற்று திரையைப் பிய்க்கிறது. மெஷினுக்குள் மாட்டிச் சுழல்கிற சாப்ளின் காற்றில் நெளிகிறான், குழந்தைகள் சிரிக்கிறார்கள்.

பிறகு அனுமதி. இந்த ஆபீஸ், அந்த ஆபீஸ், பண்பாட்டுத் துறை, பாதுகாப்புத் துறை. கடைசிவரை கிடைக்கவில்லை. அந்த வருஷங்களில்தான், 2015இல், பஷீர் 94 சதவீத வாக்கு வாங்கி ஜெயித்ததாக அறிவித்தார்கள். 94 சதவீதம் பேர் கூடவே இருக்கிற ஒரு ஆளுக்கு, நாலு வயசாளிகள் ஒரு சுவரில் படம் காட்டுவதில் என்ன பயம்? படத்தின் மேல் பயம் இல்லை என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. அதே படம் வீட்டுக்குள் டிஷ்ஷில் வரும், யார் தடுத்தார்கள்? இருட்டில் ஐந்நூறு பேர் ஒன்றாக உட்கார்வதுதான் பயம். போன வருஷம் எங்கள் தெருவில் நாங்கள் ஒரு திரையிடல் வைத்தோம். கடிதம் கொடுக்கப் போனபோது, ‘என்ன படம்’ என்று கேட்கவில்லை. ‘எந்தெந்தத் தெருக்காரங்க வருவாங்க?’ என்றுதான் முதல் கேள்வி. ‘வேற நாள் வச்சுக்கங்களேன்.’ வேறு நாள் எது என்று இன்றுவரை தெரியவில்லை.

இந்த அலுவலகக் காட்சிகள்தான் என்னைப் பிடித்துக்கொண்டன, நான் சொன்ன பேங்க் சம்பந்தம் இதுதான். ‘முடியாது’ என்று ஒரே அடியாகச் சொன்னால் சண்டை போடலாம். ‘மேலே போயிருக்கு’, ‘சம்பந்தப்பட்டவர் லீவு’, ‘இன்னொரு காப்பி கொண்டாங்க’ என்றால் யாரிடம் சண்டை போடுவது? மாட்டு லோன் கேட்டு எங்கள் சேரியிலிருந்தே ஒரு அம்மா மூன்று மாசம் நடந்தார்கள். கவுண்டருக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்துகொண்டு, ‘இன்னும் மேலேருந்து வரல்லம்மா’ என்று சொன்னது வேறு யாருமில்லை, நான்தான். சொல்லச் சொன்னார்கள், சொன்னேன். சட்டைப் பையில் கவிதை இருந்தது. ஷதாத் கையில் காகிதத்தோடு நிற்கிறபோது நான் அவர் பக்கம் இருப்பதாகத்தான் முதலில் நினைத்துக்கொண்டேன். அப்புறம்தான் மேஜைக்கு எந்தப் பக்கம் என் நாற்காலி என்று ஞாபகம் வந்தது.

ஒரு விமர்சனமும் சொல்ல வேண்டும். கொண்டாடிவிட்டுப் போக நாம் இங்கே கூடவில்லை. என்ன படம் போடலாம் என்று அவர்கள் இளைஞர்களிடம் கேட்டு, கடைசியில் எதைத் தேர்ந்தெடுக்கிறார்கள்? டரண்டினோவின் ‘ஜாங்கோ அன்செயின்ட்’. அமெரிக்க அடிமை ஒருவன் துப்பாக்கி எடுத்துப் பழிவாங்கும் கௌபாய் படம். ஐம்பது வருஷம் முன்னால் ஷதாத் தன் முதல் படத்தில் செய்ததும் அதுதானே, கௌபாய் பாணியில் நிறவெறி. வட்டம் சுற்றி வந்துவிட்டது. ஆனால் கார்ட்டூமில், ‘அப்து’ என்ற சொல் தெருவில் புழங்குகிற ஊரில், அமெரிக்க அடிமையின் கதையைப் போடுகிறோமே, நம் ஊர் அடிமையின் கதை எங்கே என்று அந்த நாலு பேரில் ஒருவராவது திரையில் கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. 2011 ஜூலை 9இல் தெற்கு சூடான் தனிநாடாகப் பிரிந்து போனது, பல லட்சம் பேர் செத்த போருக்குப் பிறகு. அந்தப் பிரிவின் நிழல் இந்தப் படத்தில் போதுமான அளவு விழவில்லை. சர்வாதிகாரத்தை எதிர்ப்பவர் எல்லோரும் தன் வீட்டுத் திண்ணையைப் பார்த்துவிடுவார்கள் என்று சொல்ல முடியாது. இதை அவர்கள் மேல் குற்றச்சாட்டாக வைக்கவில்லை. நான் எதிர்பார்த்தது இது, கிடைக்கவில்லை, அவ்வளவுதான்.

அந்தக் கேள்வியை அடுத்த தலைமுறை கேட்டுவிட்டது. விமான இன்ஜினியராக வேலை பார்த்த முகமது கொர்தஃபானி, 2023இல் ‘குட்பை ஜூலியா’ எடுத்தார். கான் விழாவின் அதிகாரபூர்வப் பட்டியலில் இடம்பெற்ற முதல் சூடான் படம். ஒரு வடக்கத்திப் பெண். ஒரு தெற்கத்தி மனிதனின் சாவுக்குக் காரணமாகிறாள். குற்ற உணர்ச்சி தாங்காமல் அவனுடைய மனைவியையே வீட்டு வேலைக்கு வைத்துக்கொள்கிறாள், உண்மையை மறைத்து. அன்பு, சம்பளம், படிப்புச் செலவு எல்லாம் கொடுக்கிறாள். உண்மையை மட்டும் கொடுப்பதில்லை. இந்த வகை அன்பை நாம் நிறையப் பார்த்திருக்கிறோம். அந்தப் படம் கானுக்குப் போனபோது கார்ட்டூம் எரிந்துகொண்டிருந்தது. 2019 ஏப்ரலில் மக்கள் எழுச்சியால் பஷீர் விழுந்தான். ஜூன் 3இல் உட்கார்ந்து போராடியவர்களைச் சுட்டுத் தள்ளினார்கள். 2023 ஏப்ரல் 15இல் ராணுவமும் துணைராணுவமும் தங்களுக்குள் போர் தொடங்கின. ‘புரட்சி’ அரங்கு இருந்த ஓம்துர்மானும் போர்க்களம் ஆனது.

ஷதாத் படங்கள் எப்படி நம்மிடம் வந்தன? பெர்லினில் உள்ள அர்செனல் நிறுவனம் பழைய பிலிம்களை டிஜிட்டலில் மீட்டுக்கொடுத்தது. நன்றி சொல்ல வேண்டிய விஷயம். ஆனாலும் ஒரு தேசம் தன் ஞாபகத்தை ஐரோப்பாவின் அலமாரியில் போய்த் தேட வேண்டியிருக்கிறது. நன்றி சொல்லும்போதே கொஞ்சம் கசக்கவும் செய்கிறது.

அடுத்து நாம் பார்க்கப் போவது ‘ஒட்டகம்’, 1981. பதிமூன்று பதினாலு நிமிஷம்தான். சூடானில் எள் நிறைய விளைகிறது. எள்ளை ஆட்ட ஒட்டகத்தைக் கட்டிய மரச்செக்கு. நம் ஊர்ச் செக்கேதான், மாட்டுக்குப் பதில் ஒட்டகம். கண்ணைக் கட்டிவிடுவார்கள். தலை சுற்றக்கூடாது, தான் ஒரே இடத்தில்தான் நடக்கிறோம் என்று தெரியவும் கூடாது. படம் பெரும்பாலும் அந்த ஒரே இருட்டறைக்குள்தான். பாலைவனத்துக்காகவே செய்த மாதிரி உடம்பு, நீளக் கால்கள். அதை ஒரு சின்ன அறைக்குள் விட்டுச் சுற்றவிட்டிருக்கிறார்கள்.

1980களின் நடுவில் எடுத்த ‘கயிறு’ படமும் இதே மாதிரிதான். பார்வையில்லாத இரண்டு பேர், ஒரு கழுதை, மூவரையும் கோத்த ஒரு கயிறு, சுற்றிலும் பாலைவனம். கட்டப்பட்ட உடம்பு என்பதை விட்டு ஷதாத் நகரவே இல்லை. துரத்தப்பட்டவன், செக்கில் கட்டின ஒட்டகம், கயிற்றில் கோத்த குருடர்கள், நகரத்தில் மாட்டின இடையன். தணிக்கைக்குப் பயந்து உருவகத்தில் ஒளிந்துகொண்டார் என்று சொல்லலாம். அது பாதி உண்மை. நானும் உருவகத்தில் ஒளிகிறவன்தான். சாதிப் பேரை எழுத வேண்டிய இடத்தில் ‘இருள்’ என்று எழுதித் தப்பித்த கவிதைகள் என்னிடம் உண்டு. ஆனால் ‘ஒட்டகம்’ பார்த்தபோது இது ஒளிதல் மாதிரி தெரியவில்லை. ‘செக்குமாடு’ என்பது நம் பாஷையில் வசவு. புத்தியில்லாமல் உழைக்கிறவன் என்று. எங்கள் அப்பாவை அப்படிச் சொல்லிக் கேட்டிருக்கிறேன். வசவு வைத்தவன் மாட்டைப் பார்த்தான், கண்ணில் கட்டின துணியைப் பார்க்கவில்லை, கட்டின கையையும் பார்க்கவில்லை. ஷதாத்தின் கேமரா பொறுமையாக அங்கே நிற்கிறது. ஒட்டகத்துக்குப் புத்தியில்லை என்று அது ஒரு நிமிஷமும் சொல்வதில்லை.

இது என்னுடைய வாசிப்பு. நீங்கள் வேறு மாதிரி பார்க்கலாம், பார்த்துவிட்டுச் சண்டை போடலாம். முடிந்ததும் எழுந்து போகாதீர்கள், வெளியே டீ இருக்கிறது, பேசுவோம். ஜன்னல் பக்கம் இருக்கிற தோழர்கள் அந்தத் துணியைக் கொஞ்சம் இழுத்துவிடுங்கள், வெளிச்சம் திரையில் அடிக்கிறது.